போர் நடக்கும் நாட்டில் சினிமா நடிகையாக இருப்பது எப்படி இருந்திருக்கும்? வியட்நாமில் அப்படி யாராவது உண்டா?

உண்டு. கியூ சின் என்று ஒருவர். இவரை நான் தெரிந்துகொண்டதே தேவ் ஆனந்த் புண்ணியத்தில்தான். பழைய தேவ் ஆனந்த் படங்களை வரிசையாகப் பார்த்துக்கொண்டிருந்த காலத்தில் 1970-ல் வந்த 'தி ஈவில் விதின்' என்ற ஆங்கிலப் படம் கண்ணில் பட்டது, அதில் இளவரசியாக வருகிறவர் யாரென்று தேடினால் அன்றைய தென் வியட்நாமின் தலைநகரான சைகோனைச் சேர்ந்த நடிகை! அங்கே பிடித்த கிறுக்கு இன்னும் விடவில்லை.

1937-ல் ஹனோயில் பிறந்தவர். இரண்டாம் உலகப்போரின்போது மருத்துவமனை மேல் விழுந்த குண்டில் அம்மா போய்விட்டார். 1954-ல் நாடு வடக்கு, தெற்கு என்று பிரிந்தபோது அப்பா இவரைத் தெற்கே அனுப்பிவிட்டு, காணாமல் போன மகனைத் தேட ஹனோயிலேயே தங்கிவிட்டார். அப்பாவை அதற்குப் பிறகு இவர் பார்க்கவே இல்லை. 1957-ல், அதாவது மூன்றே வருடத்தில், சைகோனில் முதல் படம்.

போர் என்றால் சினிமா படுத்துவிடும் என்று நினைப்போம். இவர் விஷயத்தில் போரே வாய்ப்பையும் கொண்டுவந்தது. வியட்நாமை வைத்துப் படமெடுக்கக் கிளம்பிய அமெரிக்கர்களுக்கு ஆங்கிலம் பேசத் தெரிந்த ஒரு வியட்நாமிய நாயகி தேவைப்பட்டார். 1964-ல் 'எ யாங்க் இன் வியட்நாம்', அடுத்த வருடமே பர்ட் ரெனால்ட்ஸுடன் 'ஆபரேஷன் சி.ஐ.ஏ.' (கதை நடப்பது சைகோனில், எடுத்ததோ தாய்லாந்தில், சைகோன் நிலைமை அப்படி). ஆனால் வெளிநாட்டுக்காரர்களுக்கு முகம் காட்டியதோடு அவர் நிற்கவில்லை என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. 1971-ல் சொந்தமாக ஒரு படம் தயாரித்து நடித்தார். போர்முனையில் இருக்கும் சிப்பாய்களுக்காக வானொலியில் பேசும் பெண்ணின் கதை அது.

அப்புறம் 1975 ஏப்ரல். சிங்கப்பூரில் படப்பிடிப்பு முடிந்து, வடக்குப் படையிடம் சைகோன் விழப்போகிறது என்று எல்லோரும் வெளியே ஓடிக்கொண்டிருந்த நேரத்தில் இவர் உள்ளே திரும்பிப் போனார். சில நாளில் மறுபடி சிங்கப்பூர் வந்து இறங்கியபோது, கையில் இருந்த தென் வியட்நாம் பாஸ்போர்ட்டை அங்கே யாரும் மதிக்கத் தயாராக இல்லை, பிடித்து உள்ளே வைத்துவிட்டார்கள். எந்த நாடும் ஏற்காமல் விமானம் விமானமாகச் சுற்றி, கடைசியில் கனடாவின் டொராண்டோவில் அகதி. அங்கே கிடைத்த வேலை கோழிப் பண்ணையில் எச்சம் கூட்டுவது. பதினெட்டு வருடம் கதாநாயகியாக இருந்தவர்! ஹாலிவுட்டில் தெரிந்தவர்களுக்கெல்லாம் போன் போட்டுப் பார்த்ததில், கைகொடுத்தவர் ஹிட்ச்காக்கின் 'தி பேர்ட்ஸ்' நாயகி டிப்பி ஹெட்ரன். விமான டிக்கெட் அனுப்பி அமெரிக்காவுக்கு வரவழைத்தார்.

அங்கே 1977-ல் 'மாஷ்' டி.வி. தொடரில் கொரியப் பெண், 1993-ல் 'தி ஜாய் லக் கிளப்'பில் சீனத் தாய். வியட்நாமியப் பெண்ணாக, அதுவும் கனமான ஒரு பாத்திரத்தில், அவரை நான் பார்த்தது 2006-ல் வந்த 'ஜர்னி ஃப்ரம் த ஃபால்' படத்தில்தான், பாட்டியாக.

இதே போரில் எதிர்ப்பக்கம், அதாவது வடக்கில், இருந்த நடிகை த்ரா யாங். தெற்கே ஃபான் தியெட்டில் பிறந்து வடக்கே போனவர், கியூ சின்னுக்கு நேர் தலைகீழ். ஹனோய் திரைப்படப் பள்ளியில் படித்து, அரசு ஸ்டுடியோவில் நடித்து, வடக்கையும் தெற்கையும் பிரித்த 17-வது அட்சக்கோட்டை வைத்து எடுத்த படத்துக்காக 1973 மாஸ்கோ விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். பிரச்சாரப் படம்தானே என்று ஒதுக்கிவிடாதீர்கள், அந்த முகத்தில் நடிப்பு இருக்கிறது. அவர் நாடு ஜெயித்தது, மக்கள் கலைஞர் பட்டமும் கொடுத்தது. கியூ சின்னின் நாடு வரைபடத்திலேயே இல்லாமல் போய்விட்டதால் அவருடைய சைகோன் படங்கள் இன்று கிடைப்பதே குதிரைக்கொம்பு.

சரி, எதிலிருந்து ஆரம்பிக்கலாம் என்று கேட்டால், முதலில் 'ஜர்னி ஃப்ரம் த ஃபால்' பாருங்கள். தேவ் ஆனந்த் படத்தைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள், அது என்னைப்போல் கிறுக்குப் பிடித்தவர்களுக்கு.