மேகியின் போட்டோ எங்கே?

அன்புள்ள ஆசிரியருக்கு,

எனக்கு 41 வயது. தினமும் ராத்திரி சிம்ப்ஸன்ஸ் என்ற அமெரிக்க கார்ட்டூன் தொடரின் பழைய எபிசோட் ஒன்றைப் போட்டுவிட்டுத்தான் தூங்குகிறேன். முதல் எட்டு சீசன் மட்டும். அதற்கப்புறம் வந்ததைப் பார்த்தாலே எரிச்சல். அதில் அப்பா அம்மாவாக வரும் ஹோமரும் மார்ஜும் 1974ல் பள்ளியில் பழகினார்கள் என்று காட்டிவிட்டு, 2008ல் வந்த ஒரு எபிசோடில் அவர்கள் இளமையைத் தூக்கி 90களில் வைத்தார்களே, அது என் கடந்தகாலத்தையே திருடியதுபோல இருந்தது. ஃபியூச்சராமா என்ற இன்னொரு கார்ட்டூனில் நாய் காத்திருக்கும் எபிசோடை இன்னும் முழுசாகப் பார்க்க முடியவில்லை. இந்த ஏக்கம் ஒரு நோயா? ஒன்பது வயது மகளுக்கு எங்கிருந்து காட்ட ஆரம்பிக்கலாம்?

கே.

அன்புள்ள கே.,

நோயெல்லாம் இல்லை. தூக்கம் வருகிறதல்லவா, சந்தோஷப்படுங்கள். நாய் எபிசோடை நானும் இரண்டாவது முறை பார்க்கவில்லை, அதை விடுங்கள்.

ஆனால் திருட்டு என்று எழுதியிருக்கிறீர்களே, அதற்குத்தான் இந்தப் பதில். முதலில் கணக்கைப் பாருங்கள். 1991ல் வந்த எபிசோடில் வீட்டு டிவி பழுதாகிவிடுகிறது, பொழுது போகாத பிள்ளைகளுக்கு அம்மாவும் அப்பாவும் 1974ன் கதையைச் சொல்கிறார்கள். பதினேழு வருஷத்துக்கு முந்தைய கதை. மூத்த மகன் பார்ட்டுக்கு அன்றும் பத்து வயது, 2008லும் பத்து வயது. 2008லிருந்து அதே பதினேழைக் கழித்தால் 1991 வருகிறது, அப்புறம் ஹோமர் அந்த எபிசோடில் காட்டியதுபோல கிரஞ்ச் என்ற 90களின் ராக் இசைப் பாட்டுக்காரனாக இல்லாமல் வேறென்னவாக இருப்பான்? இன்றைய ஹோமர் பள்ளிப் படிப்பை முடித்தது அந்த 2008 வாக்கில்தான் இருக்கும். உங்களைவிடச் சின்னப் பையன். வயதே ஏறாத ஆளுக்குக் கடந்தகாலம் மட்டும் ஒரே இடத்தில் நிற்க வேண்டும் என்று நீங்கள் அடம்பிடிப்பது எந்த ஊர் நியாயம்? அந்த எபிசோட் சுமார்தான், ஒப்புக்கொள்கிறேன். சுமாரானதற்குக் காரணம் வருஷத்தை மாற்றியது இல்லை. 90களின் சட்டை, பாட்டு, தலைமுடி என்று ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டிச் சிரிக்கச் சொன்னதுதான் காரணம்.

எனக்குப் பல நாளாக மனதில் ஓடிக்கொண்டிருப்பது 1995 எபிசோட். நீங்கள் அதைச் சொல்லவே இல்லை, எட்டு சீசனையும் சுற்றிச்சுற்றிப் பார்க்கிறவர்! குடும்ப ஆல்பத்தைப் புரட்டும்போது கடைக்குட்டி மேகியின் குழந்தைப் படங்களை மட்டும் காணோம், ஏன் என்று பிள்ளைகள் கேட்கிறார்கள். ஹோமர் அணுமின் நிலைய வேலையைத் திமிராக உதறிவிட்டு, ஆசைப்பட்ட பௌலிங் அரங்கில் குறைந்த சம்பளத்துக்குச் சேர்ந்திருந்த காலம் அது. மூன்றாவது குழந்தை என்று தெரிந்ததும் அந்தச் சம்பளம் போதவில்லை, பழைய முதலாளியிடமே மண்டியிட்டுத் திரும்புகிறான். இனி உனக்கு ஆயுள் முழுக்க இங்கேதான் என்று அவன் மேஜைக்கு எதிரே ஒரு பலகையை அடித்து வைக்கிறார் முதலாளி. மேகியின் படங்கள் எல்லாம் அங்கே இருக்கின்றன. அவற்றைப் பலகைமேல் ஒட்டி, பாதி எழுத்தை மறைத்து, மிச்ச எழுத்துகள் ‘அவளுக்காகச் செய்’ என்று படிக்கும்படி செய்து வைத்திருக்கிறான்.

எங்கள் வீட்டில் நான் மூன்றாவது. அண்ணன் குப்புற விழுந்தபோது ஸ்டுடியோவில் எடுத்த படம் இருக்கிறது, கழுத்தில் சங்கிலி, கன்னத்தில் திருஷ்டிப் பொட்டு. அக்காவுக்குத் திருவிழாவில் எடுத்தது ஒன்று. எனக்குப் பள்ளிக்கூடத்தில் வரிசையாக நிற்கவைத்து எடுத்த குரூப் போட்டோதான் முதல் படம், அதிலும் முன்னால் நின்றவனின் தலை என் மூக்குவரை மறைத்திருக்கும். அம்மாவிடம் கேட்டால், “அப்ப கையில எங்கடா காசு இருந்துச்சு” என்பாள், அதோடு அரிசி களைய எழுந்து போய்விடுவாள். அப்பாவின் ஆபீசில் என் படம் எதுவும் ஒட்டியிருக்கவில்லை, தேடிப் போகாதீர்கள். ஆனால் அந்த ஒரு வரியில் அந்த வருஷத்தின் வீட்டு வாடகை, பால் பாக்கி எல்லாம் எனக்குத் தெரிந்துவிட்டது. 1995ல் அந்த எழுத்தாளர்கள் செய்ததும் அதுதான். பிள்ளை கேட்கிறது, பெரியவர்கள் சொல்கிறார்கள், சொல்லும்போது அந்தக் காலம் என்ன விலை கேட்டது என்பதும் கூடவே வந்துவிடுகிறது. ஏக்கத்தை இப்படிக் காட்டினால் நான் எத்தனை சீசன் வேண்டுமானாலும் பார்ப்பேன்.

விலையை மறைத்துவிட்டு ஏங்கினால் என்ன ஆகும் என்பதை 2016ல் சவுத் பார்க் என்ற கார்ட்டூன் தொடர் காட்டியது. பேசும் திராட்சைக் குலை ஒன்று, கொஞ்சும் குரலில் ஸ்டார் வார்ஸ் ஞாபகம் இருக்கா, அது ஞாபகம் இருக்கா என்று கேட்டுக்கொண்டே வரும், தின்பவர்கள் கிறங்கிப் போவார்கள். நடுவில் அதே குரலில், ஊரில் இத்தனை மெக்சிகர்கள் இல்லாத காலம் ஞாபகம் இருக்கா என்று ஒரு கேள்வி. கிறக்கத்தில் அதற்கும் தலையாட்டிவிடுவோம். ‘அந்தக் காலத்தில் இப்படியா’ என்று நீங்கள் கடிதத்தில் எழுதவில்லை, ஆனாலும் எழுதப்போகிறவர் மாதிரித்தான் தெரிகிறீர்கள்.

மகளைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள், மறந்தே போனேன். 1995லிருந்தே ஆரம்பியுங்கள். பார்க்கும்போது பக்கத்தில் உட்கார்ந்து விளக்கம் சொல்லாதீர்கள், தயவுசெய்து. எனக்கு மட்டும் ஏன் ஆல்பம் இல்லை, எல்லாம் உங்கள் போனிலேயே கிடக்கிறதே என்று கேட்டால் அதற்கு நேராகப் பதில் சொல்லுங்கள். புது சீசன்தான் வேண்டும் என்று ரிமோட்டைப் பிடுங்கினால் கொடுத்துவிட்டுத் தூங்கப் போங்கள்.