மறுமொழி: சூரியக் கல்லும் 2012ஆம் ஆண்டும்

வணக்கம். தங்கள் மகளின் பள்ளிக் கண்காட்சிப் பலகையில் வட்டக் கல்லின் படத்தை ஒட்டி, அதன் கீழே ‘2012இல் உலகம் அழியும் என்று கூறிய மாயர் நாட்காட்டி, மறைந்துபோன இனத்தின் படைப்பு’ என்று எழுதலாமா எனக் கேட்டிருக்கிறீர்கள். தயவுசெய்து அவ்வாறு எழுத வேண்டாம்.

படத்தில் இருப்பது மாயர்களின் படைப்பன்று; மத்திய மெக்சிகோவை ஆண்ட அஸ்டெக் மக்களின் சூரியக் கல். 1790 டிசம்பரில் மெக்சிகோ நகரின் மையச் சதுக்கத்தைச் செப்பனிட்டபோது வெளிப்பட்ட இக்கல், ஏறத்தாழ 3.6 மீட்டர் விட்டமும் 24 டன் எடையும் கொண்டது. நெடுங்காலம் பேராலயச் சுவரில் பொருத்தப்பட்டிருந்து, 1885இல் அருங்காட்சியகத்துக்கு மாற்றப்பட்டது. நடுவிலுள்ள முகத்தைச் சுற்றி, முன்பு அழிந்ததாக அவர்கள் நம்பிய நான்கு யுகங்களின் குறிகளும், அடுத்த வளையத்தில் 20 நாட்குறிகளும் செதுக்கப்பட்டுள்ளன. மகள் இவற்றைத் தானே எண்ணி, அம்புக்குறியிட்டுக் காட்டினாலே பலகை சிறக்கும்.

2012 என்ற ஆண்டோ நடு அமெரிக்காவின் மற்றொரு மக்களான மாயர்களின் நீள்கணக்கிலிருந்து, அதாவது நாட்களைத் தொடர்ச்சியாக எண்ணிவரும் நாட்காட்டியிலிருந்து, வந்தது. ஒவ்வொன்றும் 1,44,000 நாட்கள் கொண்ட 13 சுற்றுகள் அவ்வாண்டு டிசம்பர் 21 அளவில் நிறைவடைந்தன என்பது மட்டுமே உண்மை. அத்துடன் காலம் முடிந்துவிடும் என்று மாயர்கள் கருதவில்லை. மாயர்களின் பழைய நகரமான பலெங்கேயின் கல்வெட்டொன்று, அந்நகரை ஆண்ட, பக்கால் மன்னர் அரியணை ஏறிய நாளின் நினைவு கி.பி. 4772இலும் வரும் என்று கணித்து வைத்திருக்கிறது.

260 நாள் சடங்கு நாட்காட்டியும் 365 நாள் ஆண்டும் இரு மக்களுக்கும் பொதுவானவை என்பதால் இக்குழப்பம் எளிதில் நேர்கிறது. மாயர்கள் இன்றும் குவாத்தமாலாவிலும் மெக்சிகோவின் யுகாத்தான் பகுதியிலும் லட்சக்கணக்கில் வாழ்கிறார்கள். ஆகவே ‘மறைந்துபோன இனம்’ என்பதையும் நீக்கிவிடுங்கள்.