பிரிட்டிஷ் அரசியல்வாதி ராண்டால்ஃப் சர்ச்சில் ஒரு 'லார்ட்' ஆயிற்றே, பிறகு எப்படி மக்கள் சபையில் உட்கார்ந்தார்?

தேர்வுக்குப் படிக்கிறீர்கள் போலிருக்கிறது. 'லார்ட்' என்று கண்டாலே 'பிரபு' என்று மொழிபெயர்த்துவிடும் வழக்கம்தான் இந்தக் குழப்பத்துக்கு வேர். அதை எங்கே பார்த்தாலும் எனக்கு உறுத்தும்.

அந்நாளில் பிரபு என்றால் பொதுவாகப் பிரபுக்கள் சபைக்காரர், தேர்தலில் ஜெயித்து வரும் மக்கள் சபையில் இடமில்லை. ஆனால் ராண்டால்ஃப் பிரபுவே அல்ல. 7ஆம் மார்ல்பரோ டியூக்கின் மூன்றாவது மகன், 1849இல் பிறந்தவர். டியூக், மார்க்குவிஸ் என்ற உயர் பிரபுக்களின் வீட்டு இளைய மகன்களின் பெயருக்கு முன் 'லார்ட்' சேர்ப்பது வெறும் மரியாதை வழக்கம். சட்டப்படி அவர்கள் சாதாரணக் குடிமக்கள். அதனால்தான் 'லார்ட் ராண்டால்ஃப்' என்று முதற்பெயரோடு சொல்ல வேண்டும். 'லார்ட் சர்ச்சில்' என்றால் ஆளே மாறிவிடும். அந்தப் பட்டம் வேறொரு கிளைக்கு உரியது. மரியாதைப் பெயர் பிள்ளைகளுக்கும் இறங்காது. மகன் வின்ஸ்டன் வெறும் 'மிஸ்டர்'தான்.

அக்காலத்தில் மூத்த மகனும் தந்தை உயிரோடு இருக்கும்வரை மக்கள் சபையில் இருக்க முடிந்தது. தந்தை கண்மூடியதும் பட்டம் வந்தது, இடம் போனது. டெவன்ஷயர் டியூக்கின் மகன் ஹார்ட்டிங்டனுக்கு 1891இல் அதுதான் நடந்தது. பட்டத்தைத் துறக்க 1963இல்தான் சட்டம் வந்தது. இளையவருக்கு அந்தப் பயம் குறைவு. ஆனால் மாளிகையும் நிலமும் மூத்தவருக்கே. 1911 வரை உறுப்பினர்களுக்குச் சம்பளமும் கிடையாது.

சொந்த முயற்சியில் மட்டுமே மேலே வந்தார் என்று நான் சொல்வதாக யாரும் சண்டைக்கு வர வேண்டாம். 1874இல் அவர் ஜெயித்த வுட்ஸ்டாக், அவர்களுடைய பிளென்ஹெய்ம் மாளிகையின் வாசலிலேயே இருக்கும் ஊர். 1885இல் இந்தியாவுக்கான அமைச்சரானதும் அக்கால விதிப்படி மறுபடி தேர்தலில் நிற்க வேண்டியிருந்தது. மனைவி ஜென்னி, கணவருடைய பந்தயக் குதிரைகளின் நிறமான இளஞ்சிவப்பு, பழுப்பு ரிப்பன்களை வண்டிக் குதிரைகளுக்குக் கட்டி ஓட்டுக் கேட்டார். அதே ஆண்டுத் தொகுதிச் சீரமைப்பில் பழைய வுட்ஸ்டாக் நகரத் தொகுதி மறைந்தது. லண்டனின் தெற்கு பாடிங்டனுக்குப் போனார்.

பிரதமர் சாலிஸ்பரி பிரபுக்கள் சபைக்காரர். (அவரும் இளைய மகன்தான், அண்ணன் 1865இல் இறந்ததால் பட்டம் வந்து சேர்ந்தது.) ஆகவே மக்கள் சபையை நடத்த ஆள் வேண்டும். 1886 ஆகஸ்டில் 37 வயது ராண்டால்ஃப் நிதியமைச்சராகவும் மக்கள் சபையில் அரசுத் தரப்புத் தலைவராகவும் ஆனார். தன்னை விட்டால் ஆளில்லை என்ற கணக்கு அங்கேதான் பிறந்தது. தரைப்படை, கடற்படைச் செலவைக் குறைக்கச் சொல்லி, டிசம்பர் 20 அன்று ராணியின் வின்ட்சர் கோட்டையிலிருந்தே ராஜினாமாக் கடிதம் எழுதினார். சாலிஸ்பரி ஏற்றுக்கொண்டார். ஒரு பட்ஜெட் கூடப் போடவில்லை.

அந்த இடத்துக்கு வந்த கோஷன் அப்போது எம்.பி.யே இல்லை, லிவர்பூலில் நின்று 7 ஓட்டில் தோற்று, பிறகு லண்டனில் ஜெயித்து உள்ளே வந்தார். ராண்டால்ஃப் பதவிக்குத் திரும்பவேயில்லை. 1895இல் 45 வயதில் இறந்தார்.

விடைத்தாளில் 'லார்ட் ராண்டால்ஃப் சர்ச்சில்' என்றே எழுதுங்கள். 'பிரபு' வேண்டாம்.