82 என்ற எண்ணை வைத்து மட்டும் முடிவெடுக்காதீர்கள்

வணக்கம் சகோதரி. வீட்டில் தமிழ் மட்டுமே பேசும் உங்கள் 7 வயது மகனுக்கு ஆங்கிலத்தில் ஐக்யூ தேர்வு வைத்தார்கள், 82 வந்ததால் சிறப்பு வகுப்புக்கு மாற்றச் சொல்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள்.

இதே விஷயம் கலிபோர்னியாவில் வழக்காகவே போனது. வீட்டில் ஸ்பானிய மொழி பேசிய ஒன்பது மெக்சிக வம்சாவளிக் குழந்தைகளை, ஆங்கிலத் தேர்வை நம்பி, மனவளர்ச்சி குன்றியோர் வகுப்பில் போட்டிருந்தார்கள். ஸ்பானிய மொழியில் மறுபடி சோதித்தபோது அவர்களில் பெரும்பாலோர் அந்த வகுப்புக்கு அனுப்பும் மதிப்பெண் வரம்பைத் தாண்டிவிட்டார்கள். டயானா வழக்கு என்று பெயர். 1970-இல் சமரசமாக முடிந்தது. குழந்தையின் முதல் மொழியிலும் சோதிக்க வேண்டும் என்று மாநிலம் ஒப்புக்கொண்டது.

1905-இல் பாரிஸில் இந்த வகைத் தேர்வைத் தொடங்கிய ஆல்ஃபிரட் பினே, பள்ளியில் கூடுதல் உதவி தேவைப்படும் பிள்ளைகளைக் கண்டறியத்தான் அதைச் செய்தார். பிறவியிலேயே நிலைத்துப்போன அறிவு என்ற பேச்சை அவர் கடுமையாக எதிர்த்தார்.

சரி, அறிக்கையில் மொத்த எண்ணை விட்டுவிட்டு பிரிவு மதிப்பெண்களைப் பாருங்கள். சொற்பொருள் பகுதியில் குறைந்து, கட்டைகளை அடுக்கும் பகுதியில் நன்றாக வந்திருந்தால் மொழிதான் தடையோ என்று சந்தேகிக்க நல்ல காரணம் உண்டு. (படப்புதிர்களும் பழக்கத்தைப் பொறுத்தவைதான், முழு நடுநிலை கிடையாது.) தமிழ் தெரிந்த உளவியலாளரிடம் மறுசோதனை வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள். அதற்கு முன் காது, கண் பரிசோதனையை முடித்துவிடுங்கள்.