கிறிஸ்துமஸ் விடுமுறைக்கு மால்டா தீவு சரிவருமா? எப்படித் திட்டமிடுவது?

இரண்டு பிள்ளைகள், வயதான அம்மா, டிசம்பர் கடைசியில் பத்து நாள், கடலில் குளிக்கவும் முடியவேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். நான் ஜெர்மனியில் இருக்கிறேன். இங்கே நாலரை மணிக்கே இருட்டிவிடும் குளிர்காலத்திலிருந்து தப்பிக்க மால்டாவுக்குப் போகிறவன் என்பதால் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

மால்டா சரிவரும், தாராளமாகப் போங்கள். ஆனால் கடல் குளியலை மட்டும் இப்போதே கணக்கிலிருந்து எடுத்துவிடுங்கள். அந்த நாட்களில் பகலில் 16, 17 டிகிரி இருக்கும், இரவில் 10 வரை இறங்கும். கடல் நீரும் ஏறக்குறைய 17 டிகிரிதான். குளித்தே ஆகவேண்டும் என்றால் மால்டா இருக்கும் மத்தியதரைக் கடலை விட்டுவிட்டு வேறு இடம் பாருங்கள். மால்டாவில் குளிர்காலத்துக்கு என்று இருப்பது கல். ஐயாயிரம் வருடத்துக்கு முந்தைய கோயில்கள், கோட்டைகள், தேன் நிறச் சுண்ணாம்புக் கல்லால் கட்டிய ஊர்கள். கோடையில் இவற்றை வெயிலிலும் கூட்டத்திலும் பார்க்க வேண்டும். டிசம்பரில் நிதானமாக நடக்கலாம். இன்னொன்று, கோடையில் காய்ந்து பழுப்பாகிவிடும் தீவு மழைக்குப் பிறகுதான் பச்சையாகிறது. டிங்லி செங்குத்துப் பாறைகள் பக்கம் வயல் ஓரமெல்லாம் மஞ்சள் பூக்கள் பூத்துக் கிடக்கும்.

முதலில் தங்குமிடம். கடற்கரை விடுதிகள் நிறைந்த வடக்குப் பகுதியில் விலை குறைவாக இருக்கிறதே என்று போகாதீர்கள். குளிர்காலத்தில் அங்கே பாதிக் கடைகள் மூடியிருக்கும், மாலையில் செய்வதற்கு ஒன்றும் இருக்காது. தலைநகர் வலேட்டாவிலேயே தங்குங்கள். தெருக்கள் ஏற்ற இறக்கமாகவும் படிக்கட்டுகளாகவும் இருக்கும் என்பதால், அம்மாவுக்காக மேட்டுப் பகுதியில், நகர வாசலுக்குப் பக்கத்தில் இடம் பாருங்கள். துறைமுகத்திலிருந்து மேல் பராக்கா தோட்டத்துக்கு ஏறிவர 58 மீட்டர் உயர லிஃப்ட் இருக்கிறது. அந்தத் தோட்டத்துக்குக் கீழேதான் நண்பகல் 12 மணிக்குப் பீரங்கி வெடிப்பார்கள். பிள்ளைகளுக்குப் பிடிக்கும்.

வீட்டை முன்பதிவு செய்யும்போது சூடாக்கும் வசதி ஒவ்வொரு அறையிலும் இருக்கிறதா என்று கேட்டு எழுத்தில் பதில் வாங்குங்கள். இது ரொம்ப முக்கியம். அங்குள்ள பழைய வீடுகள் கோடை வெப்பத்துக்காகக் கட்டப்பட்டவை. கல் ஈரத்தை உறிஞ்சி வைத்துக்கொள்ளும். வெளியே 15 டிகிரி இதமாக இருக்கும்போது வீட்டுக்குள் எலும்பு வரைக்கும் குளிரும்.

அடுத்து, தேதி குறித்து முன்பதிவு செய்தே ஆகவேண்டிய ஒரே இடம் பவோலா என்ற ஊரில் இருக்கும் ஹல் சாஃப்லியெனி ஹைபோஜியம். தரைக்குக் கீழே மூன்று அடுக்காகப் பாறையைக் குடைந்து செய்த ஈமக்கூடம், ஏறக்குறைய கிமு 4000 முதல் 2500 வரை பயன்பாட்டில் இருந்தது. 1902இல் மேலே வீடு கட்டியவர்கள் தோண்டும்போது கூரை உடைந்து வெளிப்பட்டது. சுமார் 7,000 பேருடைய எலும்புகள் அங்கே இருந்திருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். மூச்சுக்காற்றின் ஈரமே சுவரிலுள்ள செங்காவி ஓவியங்களைக் கெடுக்கும் என்பதால் மணிக்குப் பத்துப் பேரைத்தான் விடுகிறார்கள். ஆகவே பல வாரங்களுக்கு முன்பே டிக்கெட் தீர்ந்துபோகும். விமான டிக்கெட் எடுத்த அன்றே இதையும் எடுத்துவிடுங்கள். ஆறு வயதுக்குக் கீழே இருந்தால் அனுமதி இல்லை, உள்ளே படிக்கட்டும் குறுகல். அம்மாவும் சின்னப் பிள்ளையும் அந்த நேரத்துக்கு வலேட்டா தொல்லியல் அருங்காட்சியகம் போகலாம். ஹைபோஜியத்தில் கிடைத்த, உள்ளங்கையில் அடங்கும் 'உறங்கும் பெண்' சிலை அங்கேதான் இருக்கிறது.

மற்ற எதற்கும் நாள் குறிக்காதீர்கள். காரணம் காற்று. வடகிழக்கிலிருந்து கிரிகால் என்ற காற்று அடித்தால் கடல் பொங்கி எழும். விவிலியத்தில் திருத்தூதர் பவுல் போன கப்பல் குளிர்காலத்தில் புயலில் சிக்கி உடைந்து கரையேறிய மெலித்தா தீவு இந்த மால்டாதான் என்பது மரபு. பக்கத்துத் தீவான கோசோவில் புகழ்பெற்ற கல் வளைவு ஒன்று 2017 மார்ச்சில் ஒரு புயலில்தான் கடலுக்குள் விழுந்தது. ஆக, காலையில் எழுந்து காற்றைப் பாருங்கள். அமைதியாக இருந்தால் சிர்க்கேவாவிலிருந்து 25 நிமிடப் படகில் கோசோ போய் ஜகான்டியா என்ற பழங்காலக் கற்கோயிலையும் மலைமேல் கோட்டையையும் பார்த்துவிட்டு வாருங்கள். போகும்போது படகுக்குக் காசு வாங்க மாட்டார்கள், திரும்பும்போதுதான். மழை என்றால் வலேட்டாவிலுள்ள புனித யோவான் இணைப்பேராலயத்துக்குப் போங்கள். இத்தாலிய ஓவியர் கராவாஜியோ 1608இல் வரைந்த யோவானின் சிரச்சேத ஓவியம் அங்கே இருக்கிறது, அவர் கையெழுத்திட்ட ஒரே ஓவியம். கழுத்திலிருந்து வழியும் இரத்தத்தில் பெயரை எழுதியிருக்கிறார். அதன் முன்னால் அவசரப்படாமல் உட்காருங்கள். ஞாயிற்றுக்கிழமை சுற்றுலாப் பயணிகளுக்குத் திறப்பதில்லை. அரசு அருங்காட்சியகங்கள் டிசம்பர் 24, 25, 31, ஜனவரி 1 நாட்களில் மூடியிருக்கும், அதைக் கவனித்துக்கொள்ளுங்கள்.

டிசம்பர் 21ஐ ஒட்டியே போய்ச்சேர முடிந்தால் இம்னாய்ட்ரா என்ற பழங்காலக் கற்கோயிலில் சூரிய உதயம் பார்க்க முயற்சி செய்யுங்கள். அன்று முதல் வெளிச்சம் வாசல் வழியாக நுழைந்து உள்ளேயுள்ள பெருங்கல்லின் ஓரத்தில் சரியாக விழும்படி அமைத்திருக்கிறார்கள். நாள் குறிக்காதீர்கள் என்று சொன்னதற்கு இது மட்டும் விதிவிலக்கு, இதற்கும் டிக்கெட் குறைவாகத்தான் விடுவார்கள்.

கிறிஸ்துமஸ் சமயத்தில் வீட்டு வாசல்களிலும் தேவாலயங்களிலும் குடில் வைப்பார்கள். குழந்தை இயேசுவைச் சுற்றி, இருட்டில் வளர்த்து வெளுத்த முளைகளை வைப்பது அங்கே வழக்கம், நம் முளைப்பாரி போலவே இருக்கும். அம்மாவுக்குக் காட்டுங்கள். நள்ளிரவுப் பூசைக்குப் பிறகு குடிக்கும் செஸ்ட்நட், கோகோ கஞ்சியையும் விட்டுவிடாதீர்கள். ரிகோட்டா பாலாடைக்கட்டி வைத்த பஸ்திட்சி என்ற பலகாரம் எந்த மூலைக்கடையிலும் சூடாகக் கிடைக்கும்.

விசா, பல ஐரோப்பிய நாடுகளுக்குப் பொதுவான ஷெங்கன்தான். ஆறு மாதம் முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம், 30,000 யூரோ மருத்துவக் காப்பீடு வேண்டும். ஆங்கிலம் ஆட்சிமொழி, வண்டி இடப்பக்கம் ஓட்டுவார்கள், ஆனால் கார் எடுக்காதீர்கள், வலேட்டாவில் நிறுத்த இடம் கிடைப்பது பெரும்பாடு. பெரும்பாலான பேருந்துகள் நகர வாசலில் இருந்தே கிளம்புகின்றன.

அப்புறம், பள்ளி விடுமுறை கட்டாயப்படுத்தாவிட்டால் பயணத்தை பிப்ரவரிக்குத் தள்ளலாமா என்று ஒருமுறை யோசியுங்கள். மழை குறைய ஆரம்பித்திருக்கும், பகல் நீண்டிருக்கும், 10ஆம் தேதி பவுலின் கப்பல் உடைந்த திருநாளுக்கு வலேட்டாவே தெருவில் இறங்கிவிடும்.