மணலோடு பிடிபட்ட டிப்பர்: கைக்கு வந்தால் வழக்கு முடிந்ததா?

கேள்வி: என் டிப்பரைச் சம்பளத்துக்கு ஒருவர் ஓட்டுகிறார். மகாவலிக் கரையில் அனுமதிப்பத்திரம் இல்லாமல் மணல் ஏற்றியதாகப் பொலிஸார் பிடித்துவிட்டார்கள். வண்டி பொலிஸ் வளவில் நிற்கிறது, லீசிங் காசோ மாதாமாதம் ஏறுகிறது. எப்படி எடுப்பது? (கிண்ணியா வாசகர்)

பதில்: பொலிஸ் நிலையத்தில் கெஞ்சிப் பயனில்லை. பிடித்த வாகனத்தைப் பற்றி உடனே நீதவானுக்கு அறிக்கையிட வேண்டும் என்கிறது குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 431ஆம் பிரிவு. வண்டியை யாரிடம் கொடுப்பது என்று தீர்மானிப்பவரும் அவரே. முதலில் வழக்கு இலக்கத்தைக் கேட்டு எடுங்கள். திருகோணமலை, மூதூர், கந்தளாய் நீதவான் நீதிமன்றங்களில் எதற்கு அறிக்கை போயிருக்கிறது என்று பார்த்து, சட்டத்தரணி மூலம் நகர்த்தல் பத்திரம் (வண்டியை விடுவிக்கக் கேட்டு நீதிமன்றத்தில் போடும் எழுத்து விண்ணப்பம்) போடுங்கள்.

பதிவுப் புத்தகம், வருமான அனுமதிப்பத்திரம், காப்புறுதி, அடையாள அட்டை ஆகியவற்றின் மூலமும் பிரதியும் வேண்டும். லீசிங் வண்டியென்றால் புத்தகத்தில் முழு உரிமையாளர் கம்பனிதான். அவர்களின் ஆட்சேபணையில்லை என்ற கடிதத்தை முன்கூட்டியே எடுத்துவிடுங்கள். அது இல்லாததால் வழக்கு அடுத்த தவணைக்குத் தள்ளிப்போவதுதான் அதிகம். விடுவிக்கும்போது நீதிமன்றம் பிணைமுறி எழுதி வாங்கும்: விற்கக்கூடாது, உருமாற்றக்கூடாது, கேட்கும்போது கொண்டுவர வேண்டும். வண்டியை எடுக்கும் அன்று பற்றரி, ஜாக், மேலதிக டயர் இருக்கின்றனவா என்று பார்த்தபின் கையொப்பம் வையுங்கள்.

இனித்தான் முக்கியம். இது தற்காலிக விடுவிப்பு மட்டுமே. சாரதி முதல் தவணையிலேயே குற்றத்தை ஒப்புக்கொண்டு தண்டப்பணம் கட்டிவிடுவார், உரிமையாளர் எல்லாம் முடிந்தது என்று இருந்துவிடுவார். உண்மையில் அந்த ஒப்புதலோடுதான் வண்டிக்கான விசாரணை தொடங்குகிறது. 1992ஆம் ஆண்டின் 33ஆம் இலக்க சுரங்கங்கள், கனிப்பொருட்கள் சட்டத்தை 2009இல் திருத்தியபின், குற்றவாளி எனத் தீர்ந்தால் வாகனத்தை அரசுடைமையாக்கலாம். குற்றம் செய்தவர் வேறு, உரிமையாளர் வேறு என்றால், தடுக்க எல்லா முன்னெச்சரிக்கையும் எடுத்திருந்ததாக உரிமையாளர் நிரூபித்துத் தப்பலாம். நிரூபிக்கும் பாரம் உங்கள் தலையில்.

"களவு மணல் ஏற்றாதே என்று சொல்லித்தான் வைத்திருந்தேன்" என்ற வாய்ச்சொல்லை நீதிமன்றங்கள் இலேசில் ஏற்பதில்லை. பிடிபடுவதற்கு முன்னரே இருந்த தாள்கள்தான் பேசும்: சாரதியோடு எழுதிய ஒப்பந்தம், ஒவ்வொரு லோட்டுக்கும் அனுமதிப்பத்திரப் பிரதியைக் கோர்த்து வைத்த கோப்பு, ஓட்டக் குறிப்புப் புத்தகம், ஜிபிஎஸ் பதிவு. இரவில் சாவி யாரிடம் இருந்தது என்று கட்டாயம் கேட்பார்கள். இதே சாரதி முன்பும் மணல் வழக்கில் அகப்பட்டிருந்தும் நீங்கள் வேலையில் வைத்திருந்தால், அந்த ஒன்றே உங்கள் வாதத்தைச் சாய்த்துவிடும். பிடிபட்டபின் திகதியைப் பின்தள்ளி ஒப்பந்தம் எழுதச் சொல்லும் "ஆலோசகர்கள்" இருக்கிறார்கள். அது மணல் வழக்கைவிடப் பெரிய வழக்கு.

கேள்வி: எங்களிடம் 2 கியூப்புக்கு அனுமதி இருந்தது. அப்படியும் பிடித்தார்களே? (மூதூர் வாசகி)

பதில்: அளந்து பார்த்தீர்களா? 1 கியூப் என்பது 100 கன அடி. பெட்டி உள்நீளம் 10 அடி, அகலம் 6½ அடி, மணல் 3 அடி உயரம் என்றால் 195 கன அடி, 2 கியூப்புக்குள் நிற்கும். பலகைக்கு மேலே சராசரி அரை அடி குவித்தால் இன்னும் 32½ சேரும். ஆக 2¼ கியூப். ஆற்றங்கரையில் மண்வெட்டிக்காரர் "கொஞ்சம் கூடப் போடுறன்" என்பது இங்கேதான் உதைக்கும். அளவு சரியென்றாலும், பத்திரத்திலுள்ள வண்டி இலக்கமோ திகதியோ மணல் எடுத்த இடமோ பொருந்தாவிட்டால் பத்திரம் இருந்தும் இல்லாததுதான்.

உழவு இயந்திரம் வைத்திருப்போருக்கும் ஒரு சொல்: பின்னால் இழுக்கும் பெட்டிக்குத் தனிப் பதிவு இலக்கம். நகர்த்தல் பத்திரத்தில் இரண்டு இலக்கங்களையும் எழுதுங்கள். இல்லாவிட்டால் இயந்திரம் வீட்டுக்கு வரும், பெட்டி பொலிஸ் வளவிலேயே நிற்கும்.

கேள்வி: யூடியூபில் கலெக்டரிடம் மனுக் கொடுக்கலாம் என்கிறார்கள். நாங்கள் அரசாங்க அதிபரிடம் கொடுக்கலாமா? (வெருகல் வாசகர்)

பதில்: நீங்கள் பார்த்தது கேரளத்து விஷயமாக இருக்கும். அங்கே 2001ஆம் ஆண்டின் ஆற்று மணல் சட்டத்தில் கலெக்டருக்கு அதிகாரம் உண்டு. இங்கே அரசாங்க அதிபரால் வண்டியை விடுவிக்க முடியாது.

கேள்வி: வண்டியை அரசுடைமையாக்கி உத்தரவு போட்டுவிட்டார்கள். இனி? (கந்தளாய் வாசகர்)

பதில்: அன்றைக்கே வழக்கேட்டின் உறுதிப்படுத்திய பிரதிக்கு விண்ணப்பியுங்கள். மேன்முறையீட்டுக்கு 14 நாட்கள்தான். திருகோணமலை மாகாண மேல் நீதிமன்றத்தில் மீளாய்வு மனுவும் போடலாம். பிந்தினால் தாமதத்துக்குக் காரணம் சொல்லவேண்டி வரும். உங்களை விசாரிக்காமலே உத்தரவு போட்டிருந்தால் அதுவே வலுவான காரணம்: வழக்கில் தரப்பாக இல்லாத உரிமையாளருக்குக் காரணம் காட்ட வாய்ப்புத் தரவேண்டும் என்று உயர் நீதிமன்றம் 1987இல், காட்டு மரம் ஏற்றிய லொறி பற்றிய மனவடு எதிர் சட்டமா அதிபர் வழக்கில், தீர்த்திருக்கிறது. மனுவோடு இடைக்காலத் தடையும் கேளுங்கள். மனு விசாரணைக்கு வருமுன் வண்டி ஏலத்தில் போய்விடலாம்.