மச்சான் பட்ட கடனுக்கு என் காணியா? (கேள்வி பதில்)

சுன்னாகம்: தம்பி ஒருவரிடம் கடன் பட்டு வழக்கில் தோற்றுவிட்டான். அப்பா விட்ட தோட்டக்காணி எங்கள் மூன்று பேருக்கும் பொது, பிரிக்கவில்லை. பிஸ்கால் (நீதிமன்றத் தீர்ப்பை நிறைவேற்றும் அதிகாரி) வந்து முழுக்காணிக்கும் நோட்டீஸ் ஒட்டிவிட்டார்.

தம்பியின் கடனுக்குத் தம்பியின் பங்கைத்தான் பிடிக்கலாம். ஏலம் வரட்டும் பார்ப்போம் என்று இருக்காமல், உங்கள் பங்குக்கு உரிமை கோரி பிஸ்காலிடம் இப்பவே எழுத்தில் கொடுங்கள். அவர் அதை நீதிமன்றத்துக்கு அறிவிப்பார், இலங்கையின் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை 241ஆம் பிரிவின்படி சுருக்க விசாரணை நடக்கும். அங்கே கேட்பது ஒன்றுதான்: கைப்பற்றிய திகதியில் உங்களுக்கு அந்தக் காணியில் உரித்தோ ஆட்சியோ இருந்ததா? அதனால் அப்பாவின் உறுதி, காணிப் பதிவகத்தில் எடுத்த பிரதி, வரி கட்டிய பற்றுச்சீட்டு, யார் பயிர் செய்கிறார் என்று சொல்லக்கூடிய அயலவர் எல்லாவற்றையும் தயாராக வையுங்கள். கட்டளை பாதகமாக வந்தால் அந்தத் திகதியில் இருந்து 14 நாளுக்குள் 247ஆம் பிரிவில் தனி வழக்குப் போடவேண்டும், தவறவிட்டால் அந்தக் கட்டளையே முடிவு. தம்பியின் பங்கு விலைப்பட்டால் வாங்கியவர் உங்களுக்குப் பங்காளியாகி, நாளைக்குப் பிரிவிடல் வழக்கும் வைப்பார். முடிந்தால் கடன்காரரோடு முதலே பேசித் தீருங்கள்.

பருத்தித்துறை: கைப்பற்றிய பிறகு மகளுக்கு நன்கொடை உறுதி எழுதலாமா?

கூடாது. பதிவான கைப்பற்றலுக்குப் பிறகு எழுதும் கைமாற்றம் அந்தக் கடன்காரருக்கு எதிராகச் செல்லாது.

மானிப்பாய்: என் சீதனக் காணியை என் கணவரின் கடனுக்குப் பிடிக்க வருகிறார்கள். விடலாமா?

விடாதீர்கள் தங்கச்சி. 1911ஆம் ஆண்டின் யாழ்ப்பாண திருமண உரிமைகள், வழியுரிமைக் கட்டளைச் சட்டப்படி மனைவியின் தனிச்சொத்து கணவனின் கடனுக்குப் பொறுப்பில்லை. ஒரு விலக்கு உண்டு: அதே காணியின் பயிர்ச்செய்கைக்கோ பராமரிப்புக்கோ திருத்த வேலைக்கோ வரிக்கோ பட்ட கடன். அங்கே வெங்காயம் போட அவர் வாங்கிய காசு என்றால் கதை மாறும். கடன் எதற்கு என்பதற்கு என்ன எழுத்து இருக்கிறது என்று முதலில் பாருங்கள்.

கொடிகாமம்: ஐயா, அது சீதனத்துக்கு. கல்யாணத்துக்குப் பிறகு மனைவி பெயரில் வாங்கினது தேடிய தேட்டம், அதில் புருஷனுக்குப் பாதி. அந்தப் பாதியைக் கடன்காரன் தாராளமாகப் பிடிக்கலாம்.

பழைய தேசவழமையை (யாழ்ப்பாணத் தமிழரின் வழக்காற்றுச் சட்டம்) வைத்துப் பேசுகிறீர்கள். நான் சொன்ன 1911 கட்டளைச் சட்டத்துக்கு வந்த 1947 திருத்தத்தின் 19ஆம் பிரிவு தேட்டத்தைத் தேடிய துணையின் தேட்டம் என்கிறது, 20ஆம் பிரிவில் பாதி கைமாறுவது ஒருவர் இறந்த பிறகுதான்.

அதே நபர்: அப்ப எல்லாரும் மனைவி பெயரில் எழுதிவிட்டுக் கடன் எடுக்கலாமே?

எழுதலாம், தப்பலாம் என்று நான் சொல்லவில்லை. காசு கணவனுடையது, பெயர் மட்டும் மனைவியுடையது என்று கடன்காரர் சாட்சி வைத்தால் விசாரணை அந்தப் பக்கம்தான் போகும். அதற்குத்தான் காசு வந்த வழிக்கு வங்கிப் புத்தகத்தை வைத்திருங்கள் என்று வாய் ஓயாமல் சொல்கிறேன், யார் கேட்கிறார்கள்.

நல்லூர்: அண்ணனின் வாகன லீசிங்குக்கு நான் பிணை.

அப்ப அது உங்கள் கடனும்தான். ஒப்பந்தத்தோடு சட்டத்தரணியிடம் போங்கள்.

சாவகச்சேரி: காணியை மகன் பெயருக்கு மாற்றினால் காப்பாற்றலாமா?

பருத்தித்துறைக்காரருக்குச் சொன்னதை வாசியுங்கள். கைப்பற்றலுக்கு முன்னர் எழுதினாலும், கடன்காரரை ஏமாற்ற எழுதியது என்று காட்டி அந்த உறுதியைத் தள்ளுபடி செய்விக்க வழி உண்டு.

அச்சுவேலி: வங்கி வழக்கே வைக்காமல் ஏலம் போடுகிறது!

ஈடு வைத்தவர் யார்? அண்ணனா, நீங்களா? 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தில் வங்கிக்குப் பராட்டே அதிகாரம் (வழக்கு வைக்காமல் ஈட்டுச் சொத்தை ஏலம் போடும் அதிகாரம்) உண்டு, இயக்குநர் சபைத் தீர்மானம் போதும். அங்கே முதலில் சொன்ன 241ஆம் பிரிவு உரிமைகோரல் எடுபடாது. ஈட்டு உறுதியோடு இன்றைக்கே சட்டத்தரணியிடம் போங்கள்.

உடுவில்: மாமாவின் கடனுக்கு மருமகள் பெயருக்கு...

எழுதாதீர்கள்!